வைக்கோல் நெருப்பு வெளிச்சம்

புடாபெஸ்ட்
12 நவம்பர் 1962

அன்புள்ள எதெல்கா அக்காவுக்கு,

உன் தம்பி வெண்டெல் எழுதுகிறேன். நான் சௌக்கியம். இருமல் மட்டும் இந்த ஊர்ப் புகையோடு ஒட்டிக்கொண்டது, அதை விடு. உன் இடுப்பு வலி எப்படி இருக்கிறது? இல்லேஷ் அத்தானுக்கு மூச்சிரைப்பு குறைந்ததா?

எனக்குப் படம் கிடைத்துவிட்டது அக்கா! இத்தனை வருஷம் அடுத்தவர் கேமராவைச் சுமந்தேன். செய்திப்படத்துக்காக டிராக்டரையும் திறப்பு விழாவையும் எடுத்து எடுத்து அலுத்துப்போனேன். இப்போது முழுநீளக் கதைப்படம். ஒளிப்பதிவு என்று என் பெயர் மட்டும்தான் வரும். இயக்குநர் கால்னோக்கி நல்ல மனுஷர், அதிகம் பேசமாட்டார்.

படம் ஒரு பன்றி அறுப்பில் தொடங்குகிறது. ஆண் துணை இல்லாத வீடு, குளிர்கால விடியல், ஒரு பெண். ஸ்டூடியோவில் செட் போட்டு, விளக்கு வைத்து எடுக்கச் சொன்னார்கள். மாட்டேன் என்றேன். நம் ஊரில் எப்படி நடக்கும்? கும்மிருட்டில் பன்றியைக் குத்துவார்கள். பிறகு அதன் மேல் வைக்கோலைப் போட்டு, மயிர் பொசுங்கக் கொளுத்துவார்கள். அந்த நெருப்பு எழும்பும்போதுதான் முற்றமும் முகங்களும் கண்ணுக்குத் தெரியும். எனக்கு அந்த வெளிச்சம் போதும். ஒரு விளக்குகூட வேண்டாம்.

தொழில்நுட்பப் பிரிவுத் தலைவர் பொக்ரோஷ் சிரித்தார். "தோழர் வெண்டெல், பிலிம்ல ஒண்ணும் விழாது. அடுப்புக்கரிய எடுத்துட்டு வந்து எங்கிட்ட காட்டப்போறீங்க. அப்படிக் காட்டினா மறுநாளே பழையபடி டிராக்டர் பக்கம் போயிரணும், சம்மதமா?" என்றார். சம்மதம் என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறேன். இதில் தோற்றால் இன்னொரு படம் எனக்கு யாரும் தரமாட்டார்கள்.

ஆகவே அக்கா, உன் முற்றம் வேண்டும். உன் பன்றியும் வேண்டும். தருவாயா?

உன் பதிலுக்குக் காத்திருக்கும்
வெண்டெல்

*

ஷார்ஹலோம்
20 நவம்பர் 1962

என் தம்பி வெண்டெலுக்கு,

அக்காவின் ஆசீர்வாதம். இடுப்பு வலி இருந்த இடத்திலேயே இருக்கிறது. உன் அத்தானுக்குக் கிணற்றடி போய் வருவதற்குள் மூச்சு நின்றுவிடுகிறது, வாய்தான் நிற்பதில்லை. நீ வேளைக்குச் சாப்பிடுகிறாயா, இல்லை காபியைக் குடித்தே காலத்தை ஓட்டுகிறாயா?

உன் கடிதத்தை அவருக்குப் படித்துக் காட்டினேன். "எத்தனை பட்டாளம் இந்தத் தெரு வழியாப் போச்சு! வந்தவனெல்லாம் பன்னியத் தூக்கிட்டுத்தான் போனான். படம் புடிக்க வர்ற முதல் ஆளு உன் தம்பிதான்டி" என்று இருமல் வரும்வரை சிரித்தார்.

தருகிறேன். ஆனால் கேட்டுக்கொள். ஊருக்கே பன்றி குத்துவது கெலெமென் அண்ணன்தான். அவர் உன் இயந்திரத்துக்காகக் காத்திருக்க மாட்டார். "விடியறதுக்குள்ள குத்துவேன், அதுக்குள்ள அவன் தயாரா இருந்தா இருக்கட்டும்" என்று சொல்லிவிட்டார். உன்னோடு வருகிற நகரத்து ஆட்கள் சும்மா கையைக் கட்டிக்கொண்டு நிற்கக் கூடாது, தண்ணீர் சுமக்க வேண்டும். வாசலில் ஆளுக்கொரு கோப்பை பாலிங்கா ஊற்றுவேன், போன வருஷத்துப் பிளம் பழத்தில் இறக்கிய சாராயம். அதைக் குடிக்காமல் என் வீட்டில் யாரும் பன்றியின் பக்கம் போனதில்லை, இனியும் போகமாட்டார்கள்.

கடைசியாக ஒன்று. என் மூஞ்சி உன் படத்தில் வரக் கூடாது. அதற்கு நடிகை இருக்கிறாள் அல்லவா, அவளை எடு. நான் சமையலறையில் இருப்பேன்.

கம்பளிக் காலுறை போட்டுக்கொள்.

அக்கா

*

புடாபெஸ்ட்
17 டிசம்பர் 1962

அன்பு அக்காவுக்கு,

பத்திரமாக வந்து சேர்ந்தோம். நீ கட்டிக் கொடுத்த ரத்த சாசேஜ் சோல்னோக் ஸ்டேஷன் வருவதற்குள் காலி. அத்தானிடம் சொல், வைக்கோலை அவர் போட்டுக் கொளுத்திய அழகுக்கு அவரையே என் உதவியாளராக வைத்துக்கொள்ளலாம் என்று.

என்ன வெளிச்சம் அக்கா! ரத்தச் சட்டியைப் பிடித்திருந்த நடிகை உண்மையாகவே அழுதுவிட்டாள். கெலெமென் அண்ணன் கத்தியைத் துடைத்துக்கொண்டு "என்னடா, விழுந்துச்சா?" என்று கேட்டது காதிலேயே இருக்கிறது.

விழுந்ததா என்பது பிலிமைக் கழுவியபின்தான் தெரியும். லேபுக்கு அனுப்பியிருக்கிறேன். பொக்ரோஷின் முகத்தைப் பார்க்க ஆவலாக இருக்கிறேன். கிறிஸ்துமஸுக்குள் உனக்கு நல்ல செய்தி எழுதுவேன்.

எல்லோருக்கும் என் அன்பைச் சொல். கேமராவில் ஃபோகஸ் பார்க்கிற வழுக்கைத் தலை ஓத்தோ உன் பாலிங்காவுக்குத் தனியாக வணக்கம் சொல்லச் சொன்னான்.

உன்
வெண்டெல்

*

ஷார்ஹலோம்
7 ஜனவரி 1963

தம்பிக்கு,

நாங்கள் சுகம். கிறிஸ்துமஸ் போயிற்று, புது வருஷமும் போயிற்று, உன் கடிதத்தைக் காணோம். காய்ச்சலா? காய்ச்சலென்றால் ஒரு வரி எழுது, இல்லையென்றால் இரண்டு வரி எழுது.

ரொட்டி வாங்கப் போனால் கேட்கிறார்கள், கோயிலுக்குப் போனால் கேட்கிறார்கள். "உன் பன்னி எப்ப சினிமாவுல வருது எதெல்கா?" என்று. கெலெமென் அண்ணன் புதுத் தொப்பி வாங்கியிருக்கிறார், அதைப் போட்டுக்கொண்டு போய்த் திரையில் தன்னைப் பார்க்க வேண்டுமாம். என்ன பதில் சொல்வது?

பனி முழங்காலுக்கு வந்துவிட்டது. கழுத்தில் துணி சுற்றாமல் வெளியே போகாதே.

அக்கா

*

புடாபெஸ்ட்
16 ஜனவரி 1963

அன்பு அக்காவுக்கு,

எனக்குக் காய்ச்சல் எதுவும் இல்லை. நீங்கள் நலமாக இருப்பது சந்தோஷம்.

வேலை அதிகம். லேபில் தாமதம். மற்றக் காட்சிகளை உள்ளே செட்டில் எடுத்துக்கொண்டிருக்கிறோம். இந்தக் குளிரில் எல்லாமே மெதுவாகத்தான் நடக்கிறது.

சும்மா ஒரு கேள்வி. நம் ஊரில் இன்னும் அறுக்காத பன்றி யாரிடமாவது இருக்கிறதா? தெரிந்துகொள்ளத்தான் கேட்கிறேன், வேறொன்றுமில்லை.

அத்தான் உடம்பைப் பார்த்துக்கொள்.

வெண்டெல்

*

ஷார்ஹலோம்
25 ஜனவரி 1963

வெண்டெல்,

நலம் விசாரிப்பெல்லாம் கடைசியில். முதலில் உன்னை நாலு வார்த்தை கேட்க வேண்டும்.

நேற்று ஓத்தோ இங்கே வந்திருந்தான். ரயில் நிலையத்திலிருந்து பனியில் நடந்தே வந்திருக்கிறான், மீசையெல்லாம் உறைந்துபோய். சூப் கொடுத்தேன். கரண்டியைத் தொடாமல் அழுகிறான், கல்யாணமான ஆம்பிளை!

"வெண்டெல் என்னை அனுப்பலக்கா. தெரிஞ்சா தோலை உரிச்சிருவார். ஊர்ல பன்னி இருக்கான்னு கேக்கத்தான் வந்தேன்" என்றான்.

"ஏன், எங்க பன்னிக்கு என்ன?"

"எல்லாம் வீணாப்போச்சுக்கா. நெருப்பு நல்லா விழுந்திருக்கு, ஆனா முகமெல்லாம் மங்கல். பின்னாடி இருக்கிற வேலிதான் குச்சி குச்சியாத் தெளிவாத் தெரியுது. ஃபோகஸ் என் கையில இருந்துச்சு. அன்னைக்கு என் கண்ணுக்கு ரெண்டு பன்னி தெரிஞ்சுது, எதுக்குத் திருப்பறதுன்னே தெரியல."

"யாருடா உன்னைக் குடிக்கச் சொன்னது?"

"நீங்கதானேக்கா! ஒண்ணு போதும்னு சொன்னேன். 'என் வாசல்ல நின்னுட்டு என் கோப்பையத் தள்ளுறியா'ன்னு கேட்டீங்க. அப்புறம் கெலெமென் அண்ணன் ஒண்ணு ஊத்தினார். அப்புறம் உங்க வீட்டுக்காரர்."

மீதியையும் அவனே சொன்னான். நீ பொக்ரோஷிடம் ஓத்தோவின் பெயரைச் சொல்லாமல் தப்பு உன்னுடையது என்று சொன்னாயாம். பிப்ரவரி முடிவதற்குள் சரியாக எடுத்து வராவிட்டால் செட், விளக்கு, வேறொரு ஒளிப்பதிவாளர் என்று சொல்லிவிட்டாராம். இதில் ஒன்றையாவது எனக்கு எழுதினாயா? லேபில் தாமதம் என்று எழுதுகிறாய். அக்கா மனசு நோகும் என்று மறைத்தாயாக்கும்! ஊற்றிக் கெடுத்தது நான். அது எனக்குத் தெரியாமல் ஊரெல்லாம் பெருமை பேசிக்கொண்டிருந்தேனே, அந்த வெட்கத்தை எங்கே கொண்டு போய் வைப்பது?

கேட்டுக்கொள். என்னிடம் இளம் பெட்டைப் பன்றி இருக்கிறது. குட்டி போடுவதற்காக வளர்த்தது. "அடியே, அதுதான்டி அடுத்த வருஷத்துச் சோறு" என்று உன் அத்தான் கத்தினார். "அடுத்த வருஷத்த அடுத்த வருஷம் பாத்துக்கலாம், உங்க மூச்ச வீணாக்காதீங்க" என்றேன். தவக்காலம் தொடங்குவதற்குள் வா.

உடம்பைக் கவனித்துக்கொள். உன் மேல் எனக்கு இன்னும் கோபம்தான்.

அக்கா

*

புடாபெஸ்ட்
18 பிப்ரவரி 1963

என் அருமை அக்காவுக்கு,

உன் கை எப்படி இருக்கிறது? கத்தி பட்ட காயத்தைத் தண்ணீரில் நனைக்காதே என்று சொன்னால் கேட்கமாட்டாய், அத்தானாவது பார்த்துக்கொள்ளட்டும்.

இன்று காலை பிலிமைத் திரையிட்டுப் பார்த்தேன். உன்னை நீயே பார்த்திருக்க முடியாது, அதனால் சொல்கிறேன்.

நடிகை இந்தக் குளிருக்கு இன்னொரு தடவை வரமாட்டேன் என்றதும், உன் முதுகை மட்டும் எடுத்துக்கொள்கிறேன் என்று உன்னைக் கெஞ்சிச் சம்மதிக்க வைத்தேன் அல்லவா. அதற்கே நீ முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டாய். பிறகு பாலிங்காவை அலமாரியில் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு வாசலில் நின்றாய். கெலெமென் அண்ணன் கையை நீட்டினார். "இன்னைக்கு யாருக்கும் கிடையாது" என்றாய். "தொண்ட நனையாம நான் கத்தியத் தொட்டதில்ல, எங்கப்பனும் தொட்டதில்ல" என்று அவர் கத்தியைச் சுவரில் சாத்திவிட்டுப் போய்விட்டார். கிழக்கே வெளுக்கப்போகிறது, கேமரா தயார், பன்றியும் தயார், குத்த ஆளில்லை. எல்லாம் முடிந்தது என்றுதான் நினைத்தேன்.

நீ என்னைப் பார்க்கக்கூட இல்லை. கத்தியை எடுத்துக்கொண்டு, "இல்லேஷ், காலைப் புடிங்க. டிரைவர் தம்பி, நீயும் புடி" என்று எங்கள் வண்டி டிரைவரையும் கூட்டிக்கொண்டு இருட்டுக்குள் போய்விட்டாய். நான் கேமராவை ஓட்டச் சொன்னேன்.

திரையில் முதலில் வெறும் இருட்டு. பன்றியின் அலறல், பிறகு மூச்சு, பிறகு ஒன்றுமில்லை. அப்புறம் வைக்கோல் பற்றிக்கொள்கிறது. முதுகு காட்டி நிற்க வேண்டியவள், மறந்துபோய்த் திரும்பிவிட்டாய். உன் முகம் அப்படியே இருட்டிலிருந்து வெளியே வருகிறது. ஓத்தோ தண்ணீர்கூடக் குடிக்காமல் நின்றிருந்தான், உன் இமை மயிர்வரை தெரிகிறது.

கால்னோக்கி எழுந்து வந்து என் தோளைப் பிடித்துக்கொண்டார். "இந்த அம்மாவ வெட்டினா படமே இல்ல" என்றார். உனக்குக் கொடுத்த வாக்கை மீற வேண்டியிருக்கிறது. உன் முகத்தைப் படத்தில் வைத்துக்கொள்ள எனக்கு அனுமதி கொடு. நீ வேண்டாமென்றால் நானே வெட்டி எடுத்துவிடுவேன், சத்தியமாக.

உன்
வெண்டெல்

*

ஷார்ஹலோம்
4 மார்ச் 1963

தம்பிக்கு,

கை ஆறிவிட்டது. அத்தானுக்குக் கொஞ்சம் தேவலை.

இந்தத் தடவை சாசேஜில் உப்பு கூடிவிட்டது. யாருக்கும் பிடிக்கவில்லை, ஆனால் எல்லாம் தீர்ந்துவிட்டது. கெலெமென் அண்ணன் என்னோடு பேசுவதில்லை, தெருவில் பார்த்தால் வானத்தைப் பார்க்கிறார். அவர் பெண்டாட்டி மட்டும் ரகசியமாக வந்து, "எங்க வீட்டு ஆம்பிளைக்கு இது வேணும்" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

கோழிக்குஞ்சு வாங்கியிருக்கிறேன். பன்றிக்குட்டி அடுத்த வருஷம் பார்க்கலாம்.

முகத்தைப் பற்றிக் கேட்டிருந்தாய். உன் படம், உன் தொழில். உனக்கு வேண்டுமென்றால் வைத்துக்கொள். அதைப் பற்றி இனி எழுதாதே.

வெயில் வந்துவிட்டது என்று கோட்டைக் கழற்றிவிடாதே.

அக்கா

*

புடாபெஸ்ட்
22 செப்டம்பர் 1963

அன்பு அக்காவுக்கு,

இத்தனை நாள் எழுதாததற்கு மன்னித்துக்கொள். படம் முடிந்தது. வீட்டில் எல்லோரும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இந்தத் தடவை மறைக்காமல் எழுதுகிறேன், நீயும் திட்டாமல் படி.

பொக்ரோஷ் படத்தைப் பார்த்தார். பாராட்டினார். பிறகு, "அந்த முதல் காட்சிய மட்டும் கொஞ்சம் வெளுத்துப் பிரிண்ட் போடச் சொல்லுங்க" என்றார்.

"வெளுத்தா இருட்டு சாம்பலாயிரும் தோழர். அந்த அம்மா எதுக்குள்ள நின்னு அதைச் செஞ்சாங்கன்னே தெரியாது."

"இந்த ஊர் தியேட்டர்ல தெரியும்யா. கிராமத்து மன்றத்துல? அங்க இருக்கிற மெஷினுக்கு உங்க இருட்டு புரியுமா? ஜனங்க விசிலடிப்பாங்க."

"ஜனங்க அந்த இருட்டுலதான் எழுந்திருக்கிறாங்க" என்றேன். குரலை உயர்த்திவிட்டேன் போலிருக்கிறது, பக்கத்து அறையில் தட்டச்சு நின்றுபோனது.

கடைசியில் பேச்சு இப்படி முடிந்தது. படம் இப்படியே கிராமங்களுக்குப் போகும். இந்த வருஷம் முடிவதற்குள் மன்றங்களிலிருந்து 'தெரியவில்லை' என்று புகார்கள் குவிந்தால் பிரிண்ட்டை வெளுப்பார்கள். நானும் செய்திப்படத்துக்குத் திரும்புவேன். இல்லாவிட்டால் கால்னோக்கியின் அடுத்த படமும் எனக்குத்தான். ஏற்கெனவே மேற்கே ஓர் ஊரிலிருந்து புகார் வந்துவிட்டதாகக் கேள்வி. இருந்தாலும் நான் இறங்கிப் போகப்போவதில்லை. டிராக்டரென்றால் டிராக்டர்.

நவம்பரில் நம் ஊருக்கு வருகிறது. நீ ஒன்றும் செய்ய வேண்டாம். போய் உட்கார்ந்து பார், அது போதும்.

உன்
வெண்டெல்

*

ஷார்ஹலோம்
11 நவம்பர் 1963

என் தம்பி வெண்டெலுக்கு,

அக்கா எழுதுகிறேன். எல்லோரும் நலம். உன் இருமலுக்குத் தேன் அனுப்பியிருக்கிறேன், ஓத்தோவுக்கும் ஒரு புட்டி. அது வெறும் தேன்தான் என்று அவனிடம் சொல்.

சனிக்கிழமை படம் வந்தது. மன்றத்தில் நிற்க இடமில்லை. கெலெமென் அண்ணன் முன்வரிசையில், தொப்பியோடு. உன் பெயர் திரையில் வந்ததும் உன் அத்தான் என் தொடையைக் கிள்ளினார். அப்புறம் இருட்டு. அலறல் கேட்கிறது, திரையில் ஒன்றுமில்லை. விசில் ஆரம்பித்துவிட்டது. "டேய் ரூடி, விளக்கப் போடுடா!" என்று ஒருத்தன். "இருட்டப் பாக்கறதுக்கு டிக்கெட் எதுக்கு, எங்க நிலவறையில நிறைய இருக்கே" என்று கெலெமென். நெருப்பு வந்தபோதுகூட ஏதோ அழுக்குத் துணி அசைவது மாதிரிதான் இருந்தது.

நீ ஒன்றும் செய்யாதே என்று எழுதியிருந்தாய். எழுந்து மெஷின் அறைக்குப் போனேன். படம் ஓட்டுகிற ரூடி கதவைச் சாத்தப் பார்த்தான், காலை வைத்துத் தடுத்தேன்.

"ரூடி, நிறுத்து."

"அத்தை, நடுவுல நிறுத்தக் கூடாது."

"உன் விளக்கு ஏன் இப்படி அழுது வடியுது?"

"பழசாயிருச்சு அத்தை."

"புதுசு இல்லையா?"

"இருக்கு... பெட்டியில இருக்கு. புது வருஷத்துக்குப் பாட்டுப் படம் வருதாம், அதுக்குன்னு எடுத்து வச்சிருக்கேன்."

"எடுடா வெளிய."

"தலைவர் திட்டுவாரு அத்தை."

"அவரு திட்டறது இருக்கட்டும். நான் இப்ப என்ன செய்வேன்னு யோசிச்சுக்கோ."

மாற்றினான். மெஷின் கண்ணாடியில் விரல் கனத்துக்குத் தூசி, என் தலைத்துணியால் நானே துடைத்தேன். பிறகு கூட்டத்தின் முன்னால் போய் நின்று, "திரும்ப முதல்லயிருந்து ஓடும். விசிலடிக்கறவன் எழுந்து வெளிய போய் அடிக்கட்டும்" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தேன். இடுப்பு அப்போதுதான் வலித்தது.

இந்தத் தடவை இருட்டு இருட்டாகவே இருந்தது. யாரும் இருமக்கூட இல்லை. வைக்கோல் பற்றிக்கொண்டது. நான் வந்தேன்.

முடிந்தபின் மன்றத் தலைவர் உங்கள் ஆபீசுக்கு அனுப்ப எழுத உட்கார்ந்தார். நான் பக்கத்தில் நின்றேன், அவ்வளவுதான். 'மிகத் தெளிவாகத் தெரிந்தது' என்று அவராகவே எழுதினார். பக்கத்து ஊர்களுக்கு அந்தப் புது விளக்கை ரூடியே சைக்கிளில் கொண்டு போகிறான். அவனை அனுப்பியது யார் என்று கேட்காதே. உன் பொக்ரோஷ் இனி வாயைத் திறக்கட்டும், பார்க்கலாம். நீ அடுத்த படத்துக்குத் தயாராகு.

கெலெமென் அண்ணன் வெளியே எனக்காகக் காத்திருந்தார். தொப்பியைக் கழற்றி, "சத்தத்துலயே தெரியுது, நல்ல இடத்துல குத்தியிருக்க" என்றார்.

உன் அத்தான் வீடு வரும்வரை பேசவில்லை. மூச்சு வாங்குகிறது என்று நினைத்தேன். கதவடியில் நின்று, "அன்னைக்கு அவ்வளவு பயந்திருக்கியேடி. நான் காலைப் புடிச்சுக்கிட்டு அங்கதானே இருந்தேன். எனக்குத் தெரியவே இல்லையே" என்றார்.

ஆமாம் தம்பி, பயந்தேன். வாழ்க்கையில் அப்படிப் பயந்ததில்லை. கத்தியைக் கீழே போட்டுவிட்டு ஓடத் தோன்றியது. யாருக்கும் தெரியாது என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன். திரையில் அந்தப் பொம்பளை பயந்துகொண்டு நிற்கிறாள், ஆனால் கத்தியை விடவில்லை. அது நான்தான் என்று எனக்கே புரியக் கொஞ்ச நேரம் ஆயிற்று. எனக்கு வயது ஐம்பதாகப்போகிறது வெண்டெல். என்னை இவ்வளவு நேரம் யாரும் பார்த்ததே இல்லை.

அக்கா